பெர்லின்: பூனைப் பலகையும் 17ஆம் நடைமேடையும்

பெர்லினிலிருந்து திரும்பி மூன்று நாள்தான் ஆகிறது. எவ்வளவு செலவானது, எந்த ரயிலில் ஏற வேண்டும், எங்கே சாப்பிடலாம் என்று வரிசையாக எழுதித் தருவதாகப் போகும் முன்பே தோழிகளிடம் சொல்லியிருந்தேன். எழுத உட்கார்ந்தால் வரிசை வரவில்லை. தண்டம் கட்டிய கதையை மட்டும் முதலில் சொல்லிவிடுகிறேன், போகிறவர்களுக்கு உதவும்.

அங்கே ரயில் நிலையங்களில் கேட் கிடையாது. டிக்கெட்டை வாங்கி, நடைமேடையில் இருக்கும் சின்னப் பெட்டியில் நாமே செருகி முத்திரை குத்திக்கொள்ள வேண்டும். எனக்கு இது தெரியாது. இரண்டாவது நிறுத்தத்தில் சாதாரண உடையில் ஏறிய இரண்டு பேர் அடையாள அட்டையைக் காட்டி டிக்கெட் கேட்டார்கள். நீட்டினேன். முத்திரை இல்லை, 60 யூரோ கட்டு என்றார்கள். நம் காசுக்கு ஆறாயிரம் ரூபாய்! ஒரு வாரத்து மதியச் சாப்பாட்டுக்கு எடுத்துவைத்த பணம். காசு கொடுத்து வாங்கிய டிக்கெட் கையில் இருக்கும்போது இப்படிப் பிடுங்குவது அநியாயம் என்று அன்றும் நினைத்தேன், இன்றும் அப்படித்தான் நினைக்கிறேன். அந்த ரசீதை மடித்துப் பர்ஸில் வைத்துக்கொண்டு இரண்டு நாள் பொருமிக்கொண்டிருந்தேன்.

தங்குவதற்குச் செலவில்லை. சித்தி மகள் அங்கே படிக்கிறாள், ஷோனபெர்க் பகுதியில் அவளுக்கு ஓர் அறை இருக்கிறது. முதல் நாள் காலை முட்டையும் ரொட்டியும் வாங்க இரண்டு பேரும் இறங்கினோம். தெருவோர விளக்குக் கம்பத்தில், ஆளுயரத்துக்கு மேலே, ஒரு பலகை. குழந்தைகள் புத்தகத்தில் வருவது போல ஒரு படம். அழகாக இருக்கிறதே என்று போனில் படம் எடுத்தேன். "பின்பக்கம் படிச்சுட்டு எடுங்கக்கா" என்றாள்.

பின்பக்கத்தில் ஒரே வரி, கீழே ஒரு தேதி. 'பெர்லினில் யூதர்கள் மாலை நான்கு மணி முதல் ஐந்து மணி வரை மட்டுமே உணவுப் பொருள் வாங்கலாம்.' ஜூலை 1940.

அந்தப் பகுதிக்குப் பவேரியன் குடியிருப்பு என்று பெயர். ஒரு காலத்தில் பதினாறாயிரம் யூதர்கள் இருந்த இடம். ஐன்ஸ்டைனும் இங்கேதான் ஒரு தெருவில் குடியிருந்தார். ரெனாட்டா ஷ்டி, ஃப்ரீடர் ஷ்னோக் என்ற இரண்டு கலைஞர்கள் 1993இல் இந்தத் தெருக்களின் கம்பங்களில் 80 பலகைகளை மாட்டினார்கள். ஒரு பக்கம் படம், மறு பக்கம் ஹிட்லரின் நாஜி அரசு யூதர்களுக்கு எதிராகப் போட்ட ஓர் ஆணை. முதலில் மாட்டியபோது விளக்கம் எதுவும் எழுதவில்லை. புது நாஜிகள்தான் மாட்டுகிறார்கள் என்று பயந்து அக்கம்பக்கத்தார் போலீசுக்குப் போன் செய்திருக்கிறார்கள், போலீசும் வந்து சிலவற்றைக் கழற்றியிருக்கிறது. அதற்குப் பிறகுதான் 'இது நினைவுச் சின்னம்' என்ற சிறு குறிப்பைச் சேர்த்தார்கள்.

ரொட்டி வாங்கப் போனவர்கள் திரும்பிவர மூன்று மணி நேரம் ஆயிற்று. அவள் படித்துப் படித்துச் சொன்னாள், நான் நோட்டில் எழுதிக்கொண்டேன். 1933 ஜூலை: செஸ் சங்கத்திலிருந்து யூதர்கள் நீக்கம். அடுத்த மாதம் பாடகர் சங்கங்களிலிருந்து நீக்கம். 1938இல் யூத டாக்டர்கள் வைத்தியம் பார்க்கத் தடை, நீச்சல் குளத்துக்குள் நுழையத் தடை, யூதக் குழந்தைகளோடு மற்றக் குழந்தைகள் விளையாடத் தடை. 1939இல் அந்தப் பகுதியின் பாயரிஷர் பிளாட்ஸ் சதுக்கத்தில் மஞ்சள் அடையாளம் போட்ட பெஞ்சில் மட்டும் உட்காரலாம். அதே வருடம் ரேடியோ பறிமுதல். 1940இல் டெலிபோன் துண்டிப்பு. 1942 ஜூனில், யூதர்களுக்கு இனி முட்டை கிடையாது. என் கையிலிருந்த பையில் ஆறு முட்டை இருந்தது.

ஒரு பலகையில் பூனை. 'யூதர்கள் இனி வீட்டுப் பிராணிகள் வளர்க்கக் கூடாது.' 1942. எங்கள் வீட்டிலும் ஒரு பூனை இருக்கிறது. சரி, அக்கம்பக்கத்தில் யாருக்காவது கொடுத்திருப்பார்கள் என்று நினைத்தேன். அதற்கும் அனுமதி இல்லையாம். டிரெஸ்டனில் விக்டர் கிளெம்பரர் என்ற பேராசிரியர் இருந்தார். அவருடைய பூனையின் பெயர் முஷெல். அதை அதிகாரிகள் வந்து இழுத்துக்கொண்டு போவதற்கு முன், அவருடைய மனைவி மருத்துவரிடம் கொண்டுபோய்க் கொல்ல வைத்தார். கிளெம்பரர் இதை நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார்.

"அடுத்ததைப் படிக்கட்டுமாக்கா, போதுமா?" என்றாள் தங்கை. படி என்றேன்.

இதையெல்லாம் ஏதோ ஒரு பைத்தியக்காரன் ஒரே ராத்திரியில் செய்ததாகத்தான் பள்ளியில் படித்திருந்தேன். அப்படி இல்லை. பழைய காலத்து வெறுப்பு மதத்தைச் சொல்லி வந்தது, ஞானஸ்நானம் வாங்கினால் தப்பிக்கலாம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் அதே வெறுப்புக்கு 'இனம்', 'ரத்தம்' என்று அறிவியல் வேஷம் கட்டினார்கள். 'யூத எதிர்ப்பு' என்பதற்கு இன்று உலகம் முழுக்கப் புழங்கும் ஆன்டிசெமிட்டிசம் என்ற சொல்லை 1879இல் பரப்பியவர் வில்ஹெல்ம் மார் என்ற ஜெர்மன் பத்திரிகையாளர். அதை அவர் பெருமையோடு தன் அமைப்பின் பெயராகவே சொல்லிக்கொண்டார். அதே வருடம் 'யூதர்களே நம் துரதிர்ஷ்டம்' என்று எழுதிய ட்ரைட்ஷ்கே, பெர்லின் பல்கலைக்கழகத்தின் பெரிய வரலாற்றுப் பேராசிரியர். ஐம்பத்தாறு வருடம் கழித்து, 1935இல், நியூரம்பெர்க் சட்டம் வந்தபோது தாத்தா பாட்டி நால்வரில் மூன்று பேர் யூதர் என்றால் நீயும் யூதன், எந்தச் சர்ச்சுக்குப் போனாலும் சரி என்று கணக்குப் போட்டார்கள். படித்தவர்கள்தான் போட்டார்கள். அதுதான் எனக்கு ஆறவில்லை.

சாப்பாட்டைச் சொல்லாமல் விட முடியாது. க்ரொய்ஸ்பெர்க் பகுதியில் ஒரு துருக்கிக் கடை. மசூர் பருப்பு சூப், எலுமிச்சைத் துண்டு, மேலே வெண்ணெயில் வதக்கிய மிளகாய்த்தூள், கூடை நிறைய ரொட்டி. நம் வீட்டுப் பருப்பு ரசத்துக்குத் தூரத்துச் சொந்தம் அது. ரொட்டி தீரத் தீரக் கொண்டுவந்து வைத்தார்கள், அதற்குத் தனிக் காசு இல்லை. ஒரு வாரம் பட்டினி கிடந்தவள் போலச் சாப்பிட்டேன். பெர்லினில் வேறு எங்கே சாப்பிடாவிட்டாலும் இந்தச் சூப்பைக் குடியுங்கள்.

கடைக்காரருக்கு அறுபது வயது இருக்கும். அப்பா தொழிற்சாலை வேலைக்கு வந்தவராம். 1961இல் ஜெர்மனி துருக்கியோடு ஒப்பந்தம் போட்டு ஆட்களை வரவழைத்த காலம். கதவுக்குப் பக்கத்தில் ஒன்பது முகங்கள் வரைந்த போஸ்டர் ஒட்டியிருந்தது. ஹனாவ் என்றார். 2020 பிப்ரவரி 19 அன்று அந்த ஊரில் ஓர் இனவெறியன் சுட்டுக் கொன்ற ஒன்பது பேர். அப்புறம் அவரே ஹாலே ஊரைப் பற்றிச் சொன்னார். 2019 அக்டோபர் 9, யூதர்களின் புனித நாளான யோம் கிப்பூர். ஒருவன் துப்பாக்கியோடு சினகாக் என்ற யூதர்களின் தொழுகைக் கூடத்துக்குப் போனான். உள்ளே ஐம்பது பேருக்கு மேல். கதவு உடையவில்லை. தெருவில் போன ஒரு பெண்ணைச் சுட்டான், அங்கிருந்து ஒரு கபாப் கடைக்குப் போய்ச் சாப்பிட வந்த ஓர் இளைஞரைச் சுட்டான். "சினகாக் இல்லை என்றால் கபாப் கடை, அவனுக்கு இரண்டும் ஒன்றுதான்" என்றார் பெரியவர், தங்கை எனக்குத் தமிழில் சொன்னாள். நான் உட்கார்ந்திருந்த நாற்காலி வாசலைப் பார்த்து இருந்தது.

கடைசி நாள் குரூனவால்ட் போனோம். பெரிய பங்களாக்கள், மரங்கள், காட்டுக்குள் நடக்க வந்த குடும்பங்கள். நிலையத்திலிருந்து '17ஆம் நடைமேடை' என்ற அம்புக்குறியைப் பிடித்துப் போனால் ரயில் வராத ஒரு தண்டவாளம். இருபுறமும் 186 இரும்புத் தகடுகள், நடப்பதே அவற்றின் மேல்தான். ஒவ்வொரு தகட்டின் ஓரத்திலும் ஒரு நாள், எத்தனை யூதர்கள், எங்கிருந்து எங்கே. 1941 அக்டோபர் 18இல் முதல் வண்டி கிளம்பியது, போலந்தின் வூட்ஜ் நகருக்கு. பெர்லினிலிருந்து ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களை அடைத்து வைக்கவும் கொல்லவும் இப்படி அனுப்பினார்கள். சில தகடுகளில் ஆயிரத்துக்கு மேல், சிலவற்றில் ஐம்பது, நூறு. யாரோ கூழாங்கற்கள் வைத்திருந்தார்கள், ஒன்றில் காய்ந்த ரோஜா.

இந்த ரயில்களுக்கும் டிக்கெட் போட்டார்கள். ஜெர்மன் அரசு ரயில்வே ஒவ்வொருவருக்கும் மூன்றாம் வகுப்புக் கட்டணம் கணக்கிட்டு, கிலோமீட்டருக்கு 4 ஃபெனிக் (அந்தக் காலத்து ஜெர்மன் பைசா) வீதம் பில் அனுப்பியது. பத்து வயதுக்குக் கீழே அரை டிக்கெட். நான்கு வயதுக்குக் கீழே இலவசம். நானூறு பேருக்கு மேல் என்றால் கூட்டச் சலுகை. போகிறவர்களுக்கு ஒரு வழி, காவலுக்குப் போனவர்களுக்கு மட்டும் திரும்பிவரவும் சேர்த்து. அந்தப் பணமும் யூதர்களிடம் பறித்த சொத்திலிருந்துதான் போனது. இதைத் தங்கை சொல்லச் சொல்ல எனக்கு உட்கார வேண்டும் போல இருந்தது. அரை டிக்கெட் என்று எழுத ஒரு குமாஸ்தா குழந்தையின் வயதைப் பார்த்திருப்பான் இல்லையா? பார்த்துவிட்டு மத்தியானம் சாப்பிடப் போயிருப்பான்.

தண்டவாளத்தின் கடைசிப் பகுதியில் மரங்கள் முளைத்து வளர்ந்திருக்கின்றன. இனி ஒரு ரயிலும் இங்கிருந்து கிளம்பக் கூடாது என்று வெட்டாமல் விட்டிருக்கிறார்கள். கடைசித் தகட்டில் 27.3.1945 என்று இருந்தது, 18 யூதர்கள், தெரேசியன்ஷ்டாட் என்ற முகாமுக்கு. போர் முடிய ஆறு வாரம் இருந்தது. நகரமே குண்டு விழுந்து இடிந்து கிடந்த நேரத்தில் பதினெட்டுப் பேருக்காக ஓர் ஏற்பாடு செய்திருக்கிறார்கள். அந்தப் பதினெட்டுப் பேரை விட்டுவிட ஒருவருக்கும் தோன்றவில்லை.

போகிறவர்களுக்கு: எஸ்7 ரயில், குரூனவால்ட் நிலையம், டிக்கெட் நான்கு யூரோ அளவில். முத்திரை குத்த மறக்காதீர்கள். நினைவிடத்துக்கு நுழைவுக் கட்டணம் இல்லை, காவலாளும் இல்லை. மழை பெய்தால் தகடுகள் வழுக்கும், நல்ல செருப்புப் போட்டுப் போங்கள். ஷோனபெர்க் பலகைகளைப் பார்க்க ஊ4 அல்லது ஊ7 (U4, U7) சுரங்க ரயில் பிடித்துப் பாயரிஷர் பிளாட்ஸில் இறங்க வேண்டும். ஜெர்மன் தெரிந்த ஒருவரைக் கூட்டிக்கொண்டு போங்கள், இல்லாவிட்டால் வெறும் படங்களைப் பார்த்துவிட்டு வந்துவிடுவீர்கள்.