ஆயுள் கைதியின் பதினான்கு வருடம்: எந்த நாள் கணக்கில் வரும், எது வராது

ஆயுள் தண்டனை என்றால் பதினான்கு வருடம் என்று ஊரில் சொல்வார்கள். சட்டப்படி அது சாகும்வரை சிறைதான். கோபால் விநாயக் கோட்சே வழக்கில் 1961-லேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. இருபது வருடம் என்றொரு கணக்கும் உலவுகிறது. அது ஆயுள் தண்டனையில் பாதி, கால் என்று பங்கு கணக்கிட மட்டும் வைத்த எண். விடுதலைக்கும் அதற்கும் தொடர்பில்லை.

பதினான்கு எங்கிருந்து வந்தது? குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 1978-ல் சேர்த்த 433ஏ பிரிவிலிருந்து. அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தில் (பி.என்.எஸ்.எஸ்.) அது 475. மரண தண்டனையும் விதிக்கக்கூடிய குற்றத்துக்கு (கொலை வழக்குகள் பெரும்பாலும் இதில் வரும்) ஆயுள் பெற்றவரைப் பதினான்கு வருடம் உள்ளே இருக்கும் முன் விடக்கூடாது என்கிறது. அதாவது பதினான்கு வருடம் முடிந்தால் விடுதலை கேட்கலாம், அவ்வளவுதான். கொலை முயற்சி போன்ற வழக்கில் ஆயுள் என்றால் இந்தத் தடையே கிடையாது. பல குடும்பங்கள் இதைக் கவனிப்பதில்லை.

கணக்கில்தான் அதிகம் தவறு நடக்கிறது. நன்னடத்தைக்கும் வேலைக்கும் சிறையில் தரும் ரிமிஷன் (தண்டனைக் குறைப்பு) நாட்கள் இந்தப் பதினான்கில் சேராது. மாரு ராம் வழக்கு (1980) அதை முடித்துவைத்தது. விசாரணைக் கைதியாக இருந்த நாட்கள் சேரும். ஜாமீனில் இருந்த நாட்கள் சேராது. பரோலும் சேராது; தமிழ்நாட்டின் 1982 விதிகளில் பரோல் என்பதே தண்டனையை நிறுத்திவைப்பதுதான்.

ஓர் உதாரணம். தீர்ப்பு 2013 ஜூலை 1. அதற்கு முன் எட்டு மாதம் விசாரணைச் சிறை, பிறகு ஜாமீன். தீர்ப்புக்குப் பின் மொத்தம் 120 நாள் பரோல். 2027 ஜூலையிலிருந்து எட்டு மாதம் கழித்தால் 2026 நவம்பர் 1. பரோல் நாட்களைக் கூட்டினால் 2027 மார்ச் தொடக்கம். அந்த எட்டு மாதம் நீதிமன்றம் சிறைக்கு அனுப்பும் தண்டனை வாரண்டில் பதிவாகாமல் விட்டுப்போனால் அத்தனை மாதம் தள்ளிப்போகும். தீர்ப்பு நகல், ரிமாண்ட் தேதிகள், ஜாமீன் உத்தரவு மூன்றையும் சிறைப் பதிவேட்டோடு ஒருமுறை ஒப்பிட்டுப் பார்த்துவிடுங்கள். வேறு வழக்கில் தனித் தண்டனை இருந்தால் அது ஒன்றாக ஓடுகிறதா, அடுத்தடுத்தா என்பதையும் பாருங்கள்.

பதினான்குக்கு முன் மாநில அரசிடம் விடுதலை வேண்டுமானால் அரசியல் சட்டத்தின் 161-வது பிரிவு ஒன்றே வழி: அமைச்சரவை பரிந்துரைக்கும், ஆளுநர் கையெழுத்திடுவார். எம்.ஜி.ஆர். நூற்றாண்டை ஒட்டி 2018-ல் பத்து வருடம் முடித்தவர்களைத் தமிழக அரசு விடுவித்தது இப்படித்தான். இத்தகைய அரசாணைகளில் விலக்குப் பட்டியல் நீளம். மனு எழுதும் முன் அதைத்தான் முதலில் படிக்க வேண்டும். தண்டனை பெற்ற நாளில் இருந்த கொள்கையே பொருந்தும், பிறகு வந்தது தாராளமாக இருந்தால் அதையும் கேட்கலாம் என்பது ஜெகதீஷ் வழக்கின் (2010) தீர்ப்பு.

விடுதலை மனுவின் கோப்பில் போலீஸ் அறிக்கையும் நன்னடத்தை அலுவலர் அறிக்கையும் சேரும். தண்டித்த நீதிமன்றத்தின் கருத்தும் வேண்டும். 'பகை இருக்கிறது, விட்டால் கலவரம் வரும்' என்று போலீஸ் ஒரு வரி எழுதிவிட்டால் பல மனுக்கள் அங்கேயே விழுந்துவிடும். நீதிபதி 'பரிந்துரைக்கவில்லை' என்று மட்டும் எழுதினாலும் போதாது. காரணம் வேண்டும் என்று ராம் சந்தர் வழக்கு (2022) சொல்கிறது. குற்றம் தனிப்பட்டதா சமூகத்தைப் பாதித்ததா, மீண்டும் செய்யும் வாய்ப்பு உண்டா, இனியும் உள்ளே வைப்பதில் பயன் உண்டா, குடும்ப நிலை என்ன: இவற்றுக்கு விடை இல்லாத நிராகரிப்பு உயர் நீதிமன்றத்தில் நிற்பது கடினம்.

சிபிஐ விசாரித்த வழக்கென்றால் மத்திய அரசின் ஒப்புதலும் தேவை. தண்டனை வேறு மாநிலத்தில் என்றால் முடிவெடுப்பது அந்த மாநிலம்தான். பில்கிஸ் பானு வழக்கில் தண்டனை விதித்தது மகாராஷ்டிர நீதிமன்றம்; குஜராத் அரசின் விடுதலை உத்தரவு 2024 ஜனவரியில் ரத்தானது இதனால்தான். '25 வருடம் ரிமிஷன் இல்லாமல்' என்று உயர் நீதிமன்றமோ உச்ச நீதிமன்றமோ தீர்ப்பிலேயே எழுதியிருந்தால் பதினான்கைப் பற்றிப் பேசிப் பயனில்லை.

2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னது: முன்விடுதலைக் கொள்கை உள்ள மாநிலத்தில், தகுதி வந்த கைதி மனு கொடுக்காவிட்டாலும் அரசு பரிசீலிக்க வேண்டும். நிராகரித்தால் சுருக்கமாகவேனும் காரணம் எழுதி, உத்தரவைக் கைதிக்கு உடனே தெரிவிக்க வேண்டும். ஆகவே 'கோப்பு மேலே போயிருக்கிறது' என்ற வாய்மொழிப் பதிலோடு திரும்பாதீர்கள். உத்தரவின் நகலை வாங்கி மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கொடுத்தால் உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவுக்கு இலவசமாக வக்கீல் கிடைப்பார்.