இறுதி ஆட்டத்திலிருந்து சதுரங்கம் படிக்கிறேன்: இதுவரை பலகையில் செய்து பார்த்தவை

தொடக்க நகர்வுகளை மனப்பாடம் செய்வதை ஒதுக்கி வைத்துவிட்டு, காய்கள் பெரும்பாலும் வெட்டுப்பட்டுப் போன இறுதி ஆட்டத்திலிருந்து சதுரங்கத்தை மறுபடி படித்து வருகிறேன். இந்த வழியை வலியுறுத்தியவர் கியூபாவின் ஹோசே ரவுல் கபபிளாங்கா. 1921இல் ஹவானாவில் இமானுவேல் லாஸ்கரை ஓர் ஆட்டத்தில்கூடத் தோற்காமல் வென்று உலக சாம்பியனான அவர், அதே ஆண்டில் வெளிவந்த தம் பாட நூலை எளிய செக்மேட்டுகளிலும் சிப்பாய் முடிவுகளிலும்தான் தொடங்குகிறார். முப்பத்திரண்டு காய்களும் நிற்கும்போது ஒரு காயின் உண்மையான வலிமை கண்ணுக்குத் தெரிவதில்லை; மூன்று, நான்கு காய்கள் மட்டும் மிஞ்சும்போது அதை ஒளித்துவைக்க இடமே இல்லை.

நான் பின்பற்றும் முறை எளியது. மரப்பலகையில் நிலையை அடுக்கி, கணினியைத் தொடாமல் முதலில் நானே யோசித்து, என் நகர்வையும் அதற்கான காரணத்தையும் நோட்டில் எழுதுகிறேன். அதன் பிறகே ஸ்டாக்ஃபிஷ் நிரலை எதிராளியாக வைத்து அதே நிலையை ஆடுகிறேன். வெல்ல வேண்டிய நிலையை வென்று, காக்க வேண்டிய நிலையை டிரா செய்து, இரண்டுக்கும் காரணம் சொல்ல முடிந்தால்தான் அடுத்த நிலைக்குப் போவேன். கட்டங்களை வழக்கம்போல ஏ முதல் எச் வரையிலான நெடுவரிசையாலும் 1 முதல் 8 வரையிலான கிடைவரிசையாலும் குறிக்கிறேன்.

முதலில் எடுத்துக்கொண்டது ராஜாவும் ஒற்றைச் சிப்பாயும். வெள்ளை ராஜா இ5, வெள்ளைச் சிப்பாய் இ4, கறுப்பு ராஜா இ7. இங்கே யார் நகர்த்த வேண்டும் என்பதே முடிவைத் தீர்மானிக்கிறது. கறுப்பு நகர்த்த வேண்டியிருந்தால் அது ஒரு பக்கம் விலக, வெள்ளை ராஜா மறுபக்கமாக ஆறாவது வரிசைக்கு ஏறி, சிப்பாயின் முன்னால் நின்று வழி திறந்துவிடும். சிப்பாய் ராணியாவதைப் பிறகு தடுக்க முடியாது. வெள்ளை நகர்த்த வேண்டியிருந்தால் அதே நிலை டிரா. இரு ராஜாக்களும் நடுவில் ஒரே கட்டம் விட்டு எதிரெதிரே நிற்கும் இந்த நிலைக்கு ஆப்போசிஷன் என்று பெயர். அடுத்து நகர வேண்டிய ராஜாதான் வழிவிட வேண்டியது. ஏ அல்லது எச் வரிசைச் சிப்பாய்க்கு மட்டும் கணக்கு வேறு: எதிர் ராஜா மூலைக்கு வந்து சேர்ந்துவிட்டால், எப்படி ஆடினாலும் வெற்றி இல்லை.

இந்த ஒரு பாடம் கைவசப்பட்டதும், சிங்கப்பூரில் 2024 டிசம்பர் 12 அன்று டிங் லிரெனுக்கும் குகேஷுக்கும் நடந்த உலக சாம்பியன் பட்டப் போட்டியின் பதினான்காவது ஆட்டத்தின் முடிவை எடுத்து அடுக்கினேன். அதுவரை இருவரும் தலா 6.5 புள்ளிகள். கறுப்புக் காய்களுடன் ஆடிய குகேஷிடம் ஒரு சிப்பாய் அதிகம். இருவரிடமும் ஒரு யானையும் ஒரு பிஷப்பும் இருந்தன. 55ஆவது நகர்வில் டிங் யானையை எஃப்2க்குக் கொண்டுவந்தார். குகேஷ் யானையை வெட்டினார், ராஜா திருப்பி வெட்டியது, உடனே கறுப்பு பிஷப் டி5க்கு வந்து நின்றது. ஏ8 மூலையில் இருந்த வெள்ளை பிஷப்புக்கு அந்த ஒரே மூலைவிட்டத்தைத் தவிர வேறு பாதை இல்லாததால், வெட்டிக்கொள்வதைத் தவிர்க்க முடியவில்லை. பிறகு வெள்ளை ராஜா இ3, கறுப்பு ராஜா இ5. டிங் ஆட்டத்தை விட்டுக்கொடுத்தார், பதினெட்டு வயது குகேஷ் உலக சாம்பியன் ஆனார். கடைசியில் அந்த இரு ராஜாக்களும் ஒரு கட்டம் விட்டு நேருக்கு நேர் நிற்கின்றன, நகர்த்த வேண்டியது வெள்ளை. நேரலையில் பார்த்தபோது ஏன் அங்கேயே ஆட்டம் முடிந்தது என்பது எனக்கு மங்கலாகத்தான் விளங்கியது. இப்போது அந்த நிலையைப் பார்த்ததும் கை தானாகவே காய்களை எடுத்து வைத்துவிடுகிறது.

அடுத்து, ரிச்சர்ட் ரெட்டி 1921இல் வெளியிட்ட புகழ்பெற்ற புதிர். வெள்ளை ராஜா எச்8, சிப்பாய் சி6. கறுப்பு ராஜா ஏ6, சிப்பாய் எச்5. வெள்ளை நகர்த்தி டிரா செய்ய வேண்டும். கறுப்புச் சிப்பாயைத் துரத்திப் பிடிக்க முடியாது, தன் சிப்பாயைக் காக்கவும் ராஜா வெகுதொலைவில் நிற்கிறது. விடை ஜி7, எஃப்6, இ5 என்று மூலைவாட்டில் இறங்கும் நடை. ஒவ்வோர் அடியும் இரண்டு வேலை செய்கிறது: எச் வரிசைச் சிப்பாயை நெருங்குகிறது, சி வரிசைச் சிப்பாயையும் நெருங்குகிறது. கறுப்பு ராஜா சி6இல் வெட்டினால் வெள்ளை ராஜா எஃப்4க்கு வந்து சிப்பாயைப் பிடித்துவிடும். கறுப்பு சிப்பாயைத் தள்ளினால் ராஜா டி6க்குப் போக, இரு சிப்பாய்களும் ராணியாகும். பலகையில் ராஜா நேராகப் போனாலும் மூலைவாட்டில் போனாலும் அடிகளின் எண்ணிக்கை ஒன்றுதான் என்பது எல்லோரும் அறிந்த விதி. அந்த விதிக்குள் இவ்வளவு அழகு இருப்பதைக் காட்டியதற்காகவே ரெட்டியின் மேல் எனக்குத் தனி மரியாதை உண்டு.

யானை முடிவுகளில்தான் அதிக நேரம் போனது, போகவும் வேண்டும். உண்மையான ஆட்டங்களில் அடிக்கடி வருபவை அவைதாம். காக்கும் பக்கத்துக்கு அடிப்படை, பிரெஞ்சுக்காரர் ஃபிலிடோர் 1777 பதிப்பில் விளக்கிய நிலை. வெள்ளை ராஜா டி5, சிப்பாய் இ5, யானை ஏ7. கறுப்பு ராஜா இ8, யானை ஜி6. கறுப்பு யானை ஆறாவது வரிசையை விட்டு அசையாமல், வெள்ளை ராஜா அங்கே ஏறிவிடாமல் மறிக்கிறது. சிப்பாய் இ6க்கு வந்த கணமே யானை ஜி1க்கு இறங்கிப் பின்னாலிருந்து செக் கொடுக்கத் தொடங்க வேண்டும். சிப்பாய் ஏற்கெனவே ஆறாவது வரிசைக்கு வந்துவிட்டதால் ராஜா ஒளிய அங்கே இடம் கிடையாது.

வெல்லும் பக்கத்துக்கு லூசெனா நிலை. ஸ்பானியர் லூசெனாவின் நூல் 1497இல் வந்தது, ஆனால் இந்த நிலை அதில் இல்லை. 1634இல் இத்தாலியர் சால்வியோ வெளியிட்ட நூலில்தான் இருக்கிறது. வெள்ளை ராஜா ஜி8, சிப்பாய் ஜி7, யானை எஃப்1; கறுப்பு ராஜா இ7, யானை எச்2. வெள்ளை யானை இ1இல் செக் கொடுத்துக் கறுப்பு ராஜாவை டி7க்குத் தள்ளிவிட்டு, இ4க்கு வந்து நிற்க வேண்டும். முதல் பார்வைக்கு அர்த்தமில்லாதது போலத் தோன்றும் அந்த நகர்வில்தான் எல்லாம் இருக்கிறது. ராஜா எஃப்7, ஜி6, எஃப்6, ஜி5 என்று செக்குகளின் ஊடே இறங்கி வந்ததும், யானை ஜி4இல் குறுக்கே நின்று கடைசி செக்கைத் தடுக்கிறது, சிப்பாய் ராணியாகிறது.

அங்கிருந்து 1924 நியூயார்க் போட்டியில் கபபிளாங்கா டார்டகோவரை வென்ற ஆட்டத்துக்குப் போனேன். 35ஆவது நகர்வில் வெள்ளை ராஜா ஜி3க்குப் போய்த் தன் சி3 சிப்பாயைச் செக்கோடு வெட்டவிடுகிறது, எச்4க்கு ஏறுகிறது, எஃப்4 சிப்பாயும் செக்கோடு போகிறது, ராஜா ஜி5 வழியாக 39ஆவது நகர்வில் எஃப்6ஐ அடைகிறது. எஃப்5இல் இருந்த கறுப்புச் சிப்பாயை அப்போது அவர் வெட்டவில்லை. நான் நெடுநேரம் நின்று பார்த்த இடம் இதுதான். அந்தச் சிப்பாய் இருக்கும்வரை எஃப் வரிசையில் பின்னாலிருந்து வெள்ளை ராஜாவுக்கு செக் கொடுக்க முடியாது. எதிரியின் காயே கவசமாகிறது. ஏழாவது வரிசையில் வெள்ளை யானை, ஜி6இல் சிப்பாய், எஃப்6இல் ராஜா என மூன்றும் சேர்ந்ததும் எச்8இல் செக்மேட் வரப்போகிறது. அதைத் தவிர்க்கக் கறுப்பு ஒதுங்கியதும் சி7 சிப்பாய் விழுகிறது, எஃப்5ஐ அதற்கடுத்துத்தான் வெட்டுகிறார். லூசெனாவில் தன் யானையின் பின்னால் ஒளிந்த ராஜா, இங்கே எதிரிச் சிப்பாயின் பின்னால் ஒளிகிறது. சிப்பாய்களை எண்ணிப் பார்த்து நிலையை மதிப்பிடும் பழக்கம் என்னிடமிருந்து விலகத் தொடங்கியது இந்த ஆட்டத்துக்குப் பிறகுதான். தொடக்க நகர்வுகளிலேயே எதிராளியைச் சிக்கவைக்கும் பொறிகளைக் காட்டி இணையத்தில் மலிந்து கிடக்கும் காணொலிகள் எத்தனை பார்த்தாலும் இந்தத் தெளிவு கிடைக்காது என்பது என் உறுதியான எண்ணம்.

இப்போது பலகையில் இருப்பவை 2013 நவம்பரில் சென்னையில் ஆனந்தும் கார்ல்சனும் மோதிய ஐந்தாவது, ஆறாவது ஆட்டங்கள். இரண்டும் யானை முடிவுகள். இரண்டிலும் ஆனந்த் தோற்றார், உலகப் பட்டம் கைமாறியதில் இவற்றுக்குப் பெரும்பங்கு உண்டு. ஐந்தாவது ஆட்டத்தில் 45ஆவது நகர்வில் அவர் சி1இல் யானையால் செக் கொடுத்தார். ஏ1க்கு யானையைக் கொண்டுபோயிருந்தால் டிரா என்று அப்போதே பேசப்பட்டது. அந்த இரு கிளைகளையும் தனித்தனியாக ஆடிப் பார்த்ததில், மணிக்கணக்கில் நீடித்த அழுத்தத்துக்குப் பிறகு அந்த வேறுபாட்டைக் கண்டுபிடிப்பது எவ்வளவு கடினம் என்று புரிந்தது. ஆனந்தின் மேல் இருந்த மதிப்பு ஒரு துளியும் குறையவில்லை. ஆறாவது ஆட்டத்தில் 60ஆவது நகர்வாக யானையை ஏ4க்குக் கொண்டுபோகாமல் பி4க்குச் சிப்பாயைத் தள்ளியிருந்தால் ஆட்டத்தைக் காப்பாற்றியிருக்கலாம் என்பதை இனித்தான் ஆடிப் பார்க்க வேண்டும். எஃப் வரிசையில் கார்ல்சனின் சிப்பாய் எவ்வளவு தூரம் வந்துவிட்டது என்பதிலிருந்து அந்தக் கணக்கைத் தொடங்க நினைக்கிறேன்.