லீல் முற்றுகை: ஒரு ரொட்டிக் கடைக்காரனின் நாட்குறிப்பு

1708 ஆகஸ்ட் 14

ஊர் மதிலின் கதவுகளைச் சாத்திவிட்டார்கள். ஆஸ்திரியத் தளபதி இளவரசர் யூஜினின் படை பிரெஞ்சு ராஜாவின் ஊரான எங்கள் லீலை வளைத்துக்கொண்டது. பிரெஞ்சு உதவிப்படை வந்தால் மறிக்க அவருடைய கூட்டாளியான ஆங்கிலத் தளபதி மார்ல்பரோ வெளியே நிற்கிறாராம். உள்ளே ஊரைக் காக்கும் பிரெஞ்சுத் தளபதி மார்ஷல் பூஃப்ளேரிடம் 15,000 வீரர்கள். அத்தனை வயிற்றுக்கும் ரொட்டி வேண்டும். இனி அடுப்பு இரவிலும் எரியும்.

அப்பா பிறந்தபோது இந்த ஊர் ஸ்பெயின் ராஜாவுடையது. 1667இல் பிரெஞ்சு ராஜா பதினான்காம் லூயி பிடித்தார். அடுத்து யாரோ!

ஆகஸ்ட் 28

நேற்றிலிருந்து பீரங்கி அடி. பிரசெல்ஸிலிருந்து 16,000 குதிரைகள் இழுத்துவந்த தளவாடமாம். ஒவ்வொரு அடிக்கும் கூரைச் சுண்ணாம்பு உதிர்ந்து மாவில் விழுகிறது. சலித்துச் சலித்துக் கை ஓய்ந்துவிட்டது.

செப்டம்பர் 8

நேற்று பெரிய தாக்குதல். எதிரிக்குக் கொஞ்சம் இடம்தான் கிடைத்தது, பிணங்களோ ஏராளம்.

செப்டம்பர் 29

ராத்திரி ஊரே தூங்கவில்லை. நம் பக்கத்து லக்சம்பூர் பிரபுவின் குதிரைப்படை ஆளுக்கு 50, 60 பவுண்டு வெடிமருந்து மூட்டையோடு எதிரியின் நடுவிலேயே புகுந்து வந்திருக்கிறது. எதிரிப் படையின் அடையாளமான பச்சை இலையைத் தொப்பியில் செருகிக்கொண்டு காவலை ஏமாற்றியிருக்கிறார்கள். பாதியில் குட்டு உடைந்து சுட ஆரம்பித்ததும் சில மூட்டைகள் வெடித்து, ஆளும் குதிரையும் சேர்ந்து போய்விட்டார்களாம். மிச்சப் பேர் திரும்பி ஓடிவிட்டார்கள்.

உள்ளே வந்த ஒருவன் காலையில் ரொட்டி கேட்டு வந்தான். அடுப்பைப் பார்த்ததும் வாசலோடு நின்றுவிட்டான். சட்டையெல்லாம் மருந்துத் தூள். நானே வெளியே கொண்டுபோய்க் கொடுத்தேன். காசு வாங்கவில்லை.

அக்டோபர் 27

ஊரை ஒப்படைத்துவிட்டு, கோட்டை கட்டும் வல்லுநர் வோபான் ஊர் ஓரத்தில் கட்டிய ஐந்து முனைக் கோட்டைக்குள் போய்விட்டார் மார்ஷல். வெள்ளி தீர்ந்துபோய் அவர் அடித்துவிட்ட செப்புக் காசு என் பெட்டி நிறைய இருக்கிறது: 20 சூ, 10 சூ, 5 சூ. எல்லாவற்றிலும் அவர் குலச் சின்னம். பிறகு நல்ல காசாக மாற்றித் தருவார்கள் என்றுதான் வாங்கினேன். சரி, யாரிடம் போய்க் கேட்பது?

டிசம்பர் 11

குதிரைக்கறி தின்றே ஒன்றரை மாதம் தாக்குப்பிடித்தார்கள். கடைசியில் ராஜாவே சரணடையச் சொல்லி எழுதிவிட்டாராம். கொடியோடும் முரசோடும் தூவே நகரத்துப் பக்கம் போய்விட்டார்கள்.

ஊரைப் பிடித்த படையின் டச்சு வீரன் ஒருவன் கடைக்கு வந்து வெள்ளிக்காசு நீட்டினான். பாக்கிச் சில்லறைக்கு மார்ஷல் காசு ஒன்றைக் கொடுத்துப் பார்த்தேன். இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தவன் அதை மேசைமேல் வைத்துவிட்டு, இன்னொரு ரொட்டியை எடுத்துக்கொண்டான்.