எலிசபெத் காட்டனின் கட்டைவிரல்

ஆரியங்காவுக் குகைக்குள் ரயில் நுழைந்ததும் சிக்னல் போய்விட்டது, போனில் இறக்கி வைத்திருந்த, அமெரிக்க நாட்டுப்புறப் பாடகி எலிசபெத் காட்டனின் 1958 கிதார் ஆல்பம் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

சித்தி ஒரு இயர்போனை வாங்கிக் காதில் வைத்துவிட்டுக் கேட்டார்: “ரெண்டு பேரு வாசிக்காங்களா?”

ஒரே ஆள்தான்.

இடதுகைக்காரர். வலதுகைக் கிதாரைக் கம்பி மாற்றாமல் அப்படியே தலைகீழாகப் பிடித்து வாசித்தவர். அதனால் மற்ற விரல்கள் அடிநாதத்தைப் பார்த்துக்கொள்ள, கட்டைவிரல்தான் மெட்டைக் கொண்டுபோகும். அந்தக் கட்டைவிரலை மட்டும் கேட்டுப் பாருங்கள், என்ன ஒரு நிதானம்!

சின்ன வயதிலேயே பாட்டுக் கட்டியவர், அப்புறம் பல வருஷம் கிதாரையே தொடவில்லை. வீட்டுவேலை பார்த்த சீகர் என்ற இசைக் குடும்பத்தில்தான் மறுபடி கையில் எடுத்தார். அந்த வீட்டுப் பிள்ளை மைக் சீகர்தான் இதைப் பதிவு செய்தார். அப்போது காட்டனுக்கு அறுபது தாண்டிவிட்டது.

புளியரை, செங்கோட்டைப் பக்கம் நடவுப் பாட்டு தெரிந்த ஆச்சிமார் இருந்தால் சொல்லுங்க. நான் வந்து பதிவு செய்கிறேன்.