ராத்திரியில் வரும் போர்வெல் வண்டி: மலையில் புகார் முதல் ரிட் வரை

நீலகிரியில் ஆட்சியர் அனுமதி இல்லாமல் போர் (ஆழ்துளைக் கிணறு) போடக் கூடாது என்பது ஹட்டிகளில் (மலைக் கிராமங்களில்) எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் சனிக்கிழமை ராத்திரி வண்டி ஏறிவிடுகிறது. திங்கட்கிழமை ஆபீஸ் திறப்பதற்குள் 300 அடி இறங்கியிருக்கும். ஆகவே மனு எழுதுவது இரண்டாவது வேலை, வண்டியை நிறுத்துவதுதான் முதல் வேலை.

112-க்கு அடியுங்கள். விஏஓ, தாசில்தார், கோட்டாட்சியர் மூவருக்கும் படத்தையும் லொக்கேஷனையும் வாட்ஸ்ஆப்பில் அனுப்புங்கள். போலீஸ் ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்து சிஎஸ்ஆர் ரசீது (புகார் பெற்றதற்கான சீட்டு) வாங்காமல் திரும்பாதீர்கள். படத்தைப் பொது வழியில் நின்றே எடுங்கள், இல்லாவிட்டால் அத்துமீறல் என்று உங்கள் மேலேயே புகார் வரும். ரிக் லாரி (துளைக்கும் வண்டி), ராடு லாரி (துளையிடும் கம்பிகள் ஏற்றியது) இரண்டின் நம்பரும் வேண்டும். எத்தனை ராடு இறங்கியது என்று எண்ணி, ஒரு ராடின் நீளத்தால் பெருக்கினால் ஆழம் வந்துவிடும். மேட்டுப்பாளையம் பக்கமிருந்து வந்த வண்டி என்றால் பர்லியார் வழியோ குஞ்சப்பனை வழியோ ஏறியிருக்கும். செக்போஸ்ட் கேமரா பதிவை அழிக்காமல் வைக்கச் சொல்லி மறுநாளே எழுதிக் கொடுங்கள்.

அதிகாரி வந்ததும் எதிர்த்தரப்பு சொல்வது ஒன்றே ஒன்றுதான்: “பழைய போரை ஃப்ளஷிங் பண்றோம் சார்.” இதற்குப் பதில் தரையிலேயே கிடக்கும். பழைய குழியைக் கழுவினால் சேறும் துருத்தண்ணீரும் வரும். புதிதாகத் துளைத்தால் செம்மண் மேல் சாம்பல் நிறப் பாறைத்தூள் குவியும். நம் மலை சார்னகைட் பாறை, அதன் தூள் தனியாகத் தெரியும். பக்கத்தில் புது கேசிங் பைப் (குழி சரியாமல் இறக்கும் குழாய்) கிடந்தால் அதையும் சேர்த்து எடுங்கள். மழை வந்தால் தூள் கரைந்துவிடும், மறுநாள் பார்த்துக்கொள்ளலாம் என்று விடாதீர்கள்.

மனுவில் சர்வே எண்ணை உட்பிரிவோடு எழுதுங்கள். “பள்ளத்துத் தோட்டம்” என்று எழுதினால் அந்த மனு நகராது. திங்கள் குறைதீர் நாளில் கொடுத்து மனு எண் வாங்குங்கள். கூடவே ஆர்டிஐ (தகவல் அறியும் உரிமை) மனு, 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி: இந்த சர்வே எண்ணில் போர் போட அனுமதி உண்டா, உண்டென்றால் நகல் தருக. 30 நாளில் “ஆவணம் இல்லை” என்று பதில் வந்தால் அதைவிட நல்ல சாட்சி கிடையாது. மத்திய நிலத்தடி நீர் ஆணையத்துக்கு எழுதி நாளைக் கடத்தாதீர்கள், தமிழ்நாட்டில் அந்த அதிகாரம் மாநிலத்திடம்தான்.

பலரும் சறுக்குவது சிவில் வழக்கில். “அவர் போரால் எங்கள் கிணறு வற்றியது” என்று மட்டும் போனால் 1882-ஆம் ஆண்டின் வசதியுரிமைச் சட்டம் 7-வது பிரிவை எடுத்து நீட்டுவார்கள். தன் நிலத்துக்கு அடியில், திட்டமான வழியில் ஓடாத நீரை எடுப்பது உரிமையாளரின் உரிமை என்கிறது அது. நம் பிடி தண்ணீரில் இல்லை, அனுமதி இல்லாததில் இருக்கிறது. வழக்கை அதன்மேல் கட்டுங்கள்.

மனுவுக்கு அசைவில்லை என்றால் அரசியலமைப்பின் 226-வது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. நீலகிரிக்குச் சென்னை, கொடைக்கானலுக்கு மதுரைக் கிளை. நில உரிமையாளரை எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் போனால் வழக்கு அங்கேயே நின்றுவிடும். “மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுக” என்று மட்டும் கேட்டால் பரிசீலனைதான் கிடைக்கும், அதற்குள் மோட்டார் இறங்கிவிடும். மோட்டார் இறக்கவும் மின் இணைப்பு கொடுக்கவும் இடைக்காலத் தடை கேளுங்கள். சதுப்பு, ஊற்று பாதிப்பு என்றால் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வுக்கும் போகலாம். 14-வது பிரிவில் கெடு 6 மாதம், தக்க காரணம் காட்டினால் இன்னும் 60 நாள். வெறும் அனுமதி மீறல் அங்கே போதாது, 1986 சுற்றுச்சூழல் சட்டம் போல அந்தத் தீர்ப்பாயத்தின் வரம்பில் வரும் சட்டம் ஒன்றோடு இணைத்துக் காட்ட வேண்டும்.

சீல் வைத்தாலும் வேலை முடியவில்லை. நோட்டீஸ் கொடுக்காமல் வைத்த சீலுக்கு எதிர்த்தரப்பு எளிதாகத் தடை வாங்கும். நோட்டீஸ் போனதா என்று பாருங்கள், கேவியட் (நம்மைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்ற முன்மனு) போடுங்கள், அது 90 நாள்தான் செல்லும். மகஜரில் (அதிகாரி அந்த இடத்திலேயே எழுதும் பதிவில்) குழியின் ஆழம், கேசிங் விட்டம், மூடியை வெல்டிங் செய்தது மூன்றும் இருக்க வேண்டும். கல்லைத் தூக்கி வைத்து சுண்ணாம்பு பூசியதை சீல் என்று ஒப்புக்கொள்ளாதீர்கள். கைவிடும் குழி என்றால் 2010 உச்ச நீதிமன்ற வழிகாட்டுதல்படி அடியிலிருந்து தரை மட்டம் வரை களிமண், மணல், கல், துளைத்த தூள் போட்டு நிரப்ப வேண்டும். அந்தச் சாம்பல் தூளையும் அதற்குப் பயன்படுத்தலாம்.