ஏழை வீடு போடுவதுதான் கஷ்டம்

சினிமாவில் ஜமீன் பங்களா செட் போடுவது சுலபமான வேலை. நாலு தூண், ஒரு தொங்கு விளக்கு, இரண்டு தேக்கு சோபா, சுவரில் மான் கொம்பு. படப்பிடிப்புக்குப் பொருள் கொடுக்கிற பிராப்பர்ட்டி கடையில் வாடகை பேசினால் எல்லாம் ஒரே லாரியில் வந்து இறங்கிவிடும். அதே டைரக்டர், மாசம் இருபதாயிரம் சம்பளம் வாங்குகிற ஒருவருடைய ஒண்டுக்குடித்தன வீட்டைக் கேட்டால்தான், செட்டுக்குள் பொருள் வைக்கிற எங்களுக்குத் தூக்கம் போகும்.

காரணம் எளிது. வசதியானவர்கள் வேண்டாததைத் தூக்கிப் போட்டுவிடுகிறார்கள். அதனால் அவர்கள் வீட்டில் பொருள் குறைவு, இடம் அதிகம். இல்லாதவர்கள் எதையும் எறிவதில்லை. பிரிட்ஜ் வாங்கிய அட்டைப்பெட்டி பரணில் இருக்கும். ஹார்லிக்ஸ் பாட்டிலில் புளி இருக்கும். பழைய புடவை மிதியடி ஆகி, அதுவும் கிழிந்த பிறகு கரித்துணி ஆகும். இத்தனையையும் தேடிக் கொண்டுவந்து, இருபது வருஷமாக அங்கேயே கிடப்பது போல வைக்க வேண்டும். 'கொண்டுவந்து வைத்தது' என்று தெரிந்துவிட்டால் செட் செத்துப்போய்விடும்.

கும்பகோணம் கவின்கலைக் கல்லூரியில் ஓவியம் படித்துவிட்டு தொண்ணூறுகளின் கடைசியில் கோடம்பாக்கம் வந்தவன் நான். செட்டுக்குப் பின்னால் தொங்கும் திரைச்சீலையில் மலையும் வானமும் எழுதலாம் என்ற கனவோடு வந்தேன். அந்த வேலையை டிஜிட்டல் பிரிண்ட் விழுங்கத் தொடங்கியிருந்த நேரம். 'அப்படி ஓரமா நில்லு' என்று பிராப்பர்ட்டி பக்கம் தள்ளிவிட்டார்கள். தள்ளியது நல்லதாகப் போயிற்று.

எங்கள் வேலை எது என்று ஊரில் கேட்பார்கள். கலை இயக்குநர் செட்டை வரைகிறார். கார்பெண்டர் சவுக்குக் கம்பும் ரீப்பர் சட்டமும் பிளைவுட்டும் வைத்து எழுப்புகிறார். மோல்டர் தூணுக்கும் சிலைக்கும் அச்சு எடுக்கிறார். பெயிண்டர் பூசுகிறார். பெயிண்ட் காய்ந்த பிறகு எங்கள் முறை. அந்த நாலு சுவருக்குள் ஆள் குடியிருப்பதாக நம்ப வைக்க வேண்டும். ஹாலிவுட்டில் இதற்கென்றே செட் டெகரேட்டர் என்று ஒருவர் உண்டு, ஆஸ்கரில் கலைப் பிரிவு விருதை வடிவமைப்பாளரோடு சேர்ந்து அவரும் மேடையேறி வாங்குவார். எம்ஜிஎம் ஸ்டூடியோவில் இருந்த எட்வின் வில்லிஸ் அப்படி எட்டு ஆஸ்கர் வாங்கியிருக்கிறார். நம் ஊரில் டைட்டிலில் கலை உதவியாளர்கள் வரிசையில் ஒரு பெயராக ஓடிவிடுவோம். எனக்கு அதில் பெரிய வருத்தமில்லை. சம்பளம் நேரத்துக்கு வந்தால் போதும். அது வராததுதான் வருத்தம். ஒரு தயாரிப்பாளர் படம் முடிந்து ஓடி, டிவியிலும் போட்டு முடித்த பிறகும் எங்கள் பேட்டா, அதாவது தினப்படி, பாக்கியைத் தரவில்லை. சரி, அது வேறு கதை.

தொழில் கற்றுக்கொடுத்தது ஒரு பிராப்பர்ட்டி அண்ணன். வாகினி ஸ்டூடியோ நடந்த காலத்திலிருந்து இருந்தவர். அந்த இடத்தில் இப்போது ஆஸ்பத்திரியும் மாலும் இருக்கின்றன. ஒரு சமையலறையை நான் அழகாக அடுக்கி வைத்திருந்தேன். வந்து பார்த்தவர் கேட்டார்: "தம்பி, இந்த வீட்ல யாருக்குப்பா சுகர்?"

எனக்குப் புரியவில்லை.

"கதைப்படி அப்பாவுக்கு ஐம்பத்தெட்டு வயசு, ரிட்டயர் ஆகப்போறாரு. மாத்திரை டப்பா எங்க? சர்க்கரை இல்லாத டீ யாருக்கு? அவரு டம்ளர் எது?"

டைரக்டரிடம் கேட்டால் அவருக்கும் தெரியவில்லை, ஆனால் 'நல்லாருக்கே' என்றார். மாத்திரை டப்பா வந்தது. பேர் பொறித்த ஒரு டம்ளர் தனியாக வந்தது. காட்சியில் அந்த நடிகர் யாரும் சொல்லாமலே அந்த டம்ளரைத்தான் எடுத்தார். வசனத்தில் எழுதாத ஒரு மனிதரைப் பொருளால் எழுதலாம் என்று எனக்கு அன்றைக்குப் பிடிபட்டது.

ஒரு சுவரைப் பழசாக்குவதைச் சொல்கிறேன். புது பிளைவுட் சுவரில் முதலில் பச்சை அடிப்போம், அதன் மேல் நீலம், அதன் மேல் வெளிர் மஞ்சள். காய்ந்ததும் சில இடங்களில் உப்புத்தாள் போட்டுத் தேய்த்தால் அடியிலிருக்கும் பச்சை எட்டிப் பார்க்கும். இத்தனை பொங்கலுக்கு வெள்ளையடித்த வீடு என்று கண் தானாகப் புரிந்துகொள்ளும். ஸ்விட்ச் போர்டைச் சுற்றிக் கை அழுக்கு. பாட்டி உட்காரும் இடத்தில், உட்கார்ந்தால் தலை படுகிற உயரத்தில், எண்ணெய்க் கறை. அதை பெயிண்டில் செய்ய முடியாது, தேங்காய் எண்ணெயைத் துணியில் தொட்டுத்தான் தேய்க்க வேண்டும். காலண்டரை எடுத்துவிட்டால் அடியில் நிறம் மங்காத ஒரு சதுரம் தெரிய வேண்டும். கதவு நிலையில் பிள்ளைகளின் உயரத்தை பென்சிலால் கோடு போட்ட அடையாளம். கரண்ட் பில்லைக் குத்தி வைக்கும் கம்பி. பீரோ கண்ணாடியில் பாதி பிய்ந்த ஸ்டிக்கர் பொட்டுகள். காகிதம் பழசாக வேண்டுமென்றால் டீ டிகாஷனில் முக்கி நிழலில் உலர்த்துவோம், வெயிலில் போட்டால் அப்பளமாகச் சுருண்டுவிடும்.

கேமரா இதில் பாதியைக்கூடக் காட்டாது. காட்டாததற்கு ஏன் இவ்வளவு பாடு என்று புதிதாக வரும் பையன்கள் கேட்பார்கள். கேமரா எந்தப் பக்கம் திரும்பும் என்று காலையில் கேமராமேனுக்கே தெரியாது என்பது ஒரு பதில். நடிக்கிறவர்கள் அதற்குள் நிற்கிறார்கள் என்பது இன்னொன்று.

தமிழ்நாட்டில் சாதாரண வீட்டைப் போடுகிறவனுக்கு ஒரு வசதி உண்டு. தேர்தலை வைத்து வருஷம் சொல்லலாம். அரசு கொடுத்த கலர் டிவி இருந்தால் கதை 2006க்குப் பிறகு நடக்கிறது. இலவச மிக்சி, கிரைண்டர், ஃபேன் இருந்தால் 2011க்குப் பிறகு. இவை இல்லாமல் அந்தக் காலத்து கீழ்த்தட்டு வீடு போட்டால் பார்க்கிறவர்களுக்கு எங்கேயோ இடிக்கும், எங்கே என்று சொல்லத் தெரியாது. ஆனால் அவற்றில் ஒட்டிய முதல்வர் படத்தைக் காட்டினால் சிக்கல் வரும் என்று தயாரிப்புத் தரப்பு பயப்படும். அதனால் ஸ்டிக்கரைச் சுரண்டி எடுப்போம். சுரண்டிய அடையாளம் இருக்கட்டும் என்பேன் நான். வீடுகளில் அப்படித்தானே இருக்கிறது. ரூபாய் நோட்டுக்கும் இதே பாடு. 2016 நவம்பருக்கு முந்தைய கதை என்றால் பழைய ஐந்நூறும் ஆயிரமும் வேண்டும். கட்டு கட்டாக எண்ணும் காட்சியை எழுதுகிறவர்களுக்கு அது எங்கிருந்து வரும் என்ற கவலை கிடையாது.

குடிசை, சேரி செட் என்றால் எங்கள் ஆட்கள் இன்றும் பேசுவது 1987இல் வந்த 'நாயகன்' படத்தைத்தான். கலை இயக்குநர் தோட்டா தரணி பம்பாயின் தாராவிக்குப் போய்ப் பார்த்துப் படமெடுத்து வந்து, சென்னையில் வீனஸ் ஸ்டூடியோவில் அதை எழுப்பினார். தேசிய விருது கிடைத்தது. சென்னைக்குள்ளேயே பம்பாய் என்று எல்லோரும் தகர ஷீட்டையும் சந்துகளையும் புகழ்வார்கள். நான் அந்தப் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்ப்பது நாயகனுக்கு வயதாக ஆக வீட்டுக்குள் பொருள்கள் எப்படி மாறுகின்றன என்பதற்காக. பணம் வருவதைச் சுவரே சொல்லிவிடும்.

சீரியலுக்குப் போனது வயிற்றுப்பாட்டுக்குத்தான். சாலிகிராமம், வளசரவாக்கம் பக்கம் பங்களாக்களை வாடகைக்கு எடுத்திருப்பார்கள். கீழே ஹீரோ வீடு, மாடியில் வில்லி வீடு, மொட்டை மாடியில் போலீஸ் ஸ்டேஷன். மதியச் சாப்பாட்டுக்குள் சோபா உறையையும் திரைச்சீலையையும் மாற்றி வேறு குடும்பமாக்க வேண்டும். கதாநாயகி அன்றைக்கு என்ன நிறப் புடவை என்று காலையிலேயே காஸ்ட்யூமரிடம் கேட்டுவிட வேண்டும், இல்லாவிட்டால் அவரும் திரைச்சீலையும் ஒன்றாகிவிடுவார்கள். கடிகாரத்தில் பேட்டரியைக் கழற்றிவிடுவது முதல் பாடம். ஒரே காட்சியைக் காலையிலும் சாயங்காலமும் துண்டு துண்டாக எடுக்கும்போது முள் ஓடினால் எடிட்டிங்கில் நேரம் முன்னும் பின்னும் குதிக்கும். போட்டோ ஃபிரேமில் கண்ணாடியைக் கழற்ற வேண்டும், லைட் அடித்தால் யூனிட் முழுக்க அதில் தெரியும்.

சீரியலில் எனக்கு ஒத்துக்கொள்ளாத விஷயம் ஒன்று. கடனில் மூழ்கிய குடும்பம் என்பார்கள், ஹாலில் மாடிப்படி வளைந்து இறங்கும். 'பொம்பளைங்க கலர்ஃபுல்லாதான் சார் பாப்பாங்க' என்பார்கள். என் அம்மா பார்ப்பார். 'இவ்வளவு பெரிய வீட்டை வித்துட்டா கடன் தீந்துடுமே' என்பார்.

வேலை கூடியிருப்பது ஓடிடி வந்த பிறகுதான். தொண்ணூறுகளில் நடக்கும் கதைகளை வரிசையாக எழுதுகிறார்கள். அங்கேதான் விசித்திரம். நூறு வருஷத்துக்கு முந்தைய செட்டிநாட்டுக் கதவு வேண்டுமென்றால் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் போய் நின்றால் போதும், பெல்ஜியம் கண்ணாடி, ஊஞ்சல், பித்தளை அண்டா, எது வேண்டுமோ கிடைக்கும். வெளியூருக்கு போன் பேசப் போகும் எஸ்டிடி பூத்தில் பில் அடித்துக் கொடுத்த சிவப்பு எண் ஓடும் மீட்டர் கிடைக்காது. பூத்தின் மஞ்சள் போர்டு கிடைக்காது, எழுதிக்கொள்கிறோம். அந்தக் காலத்து ரேஷன் பை, பிளாஸ்டிக் ஒயர் கூடை, கோணிய மூடியோடு கெரசின் கேன், பம்ப் ஸ்டவ், கருப்பு வெள்ளை டிவிக்கு முன்னால் மாட்டிய நீல கண்ணாடிச் சட்டம், இவற்றை யாரும் பாதுகாக்கவில்லை. இரும்பு கிலோ விலைக்குப் போனது, பிளாஸ்டிக் உருகியது. அலமாரி வைத்திருந்தவர்கள் பொருள் கடைக்கு வந்தது, ஒயர் கூடை வைத்திருந்தவர்கள் பொருள் குப்பைக்குப் போனது.

அதனால் வெளியூர் படப்பிடிப்புக்குப் போனால் நான் ஓட்டலில் தங்குவதில்லை, தெருவில் சுற்றுவேன். வீட்டை இடிக்கிறார்கள் என்று தெரிந்தால் போய்ப் பேசுவேன். பரணில் என்ன இருந்தது என்று கேட்பேன். பெரும்பாலும் விலை சொல்லத் தெரியாமல் சும்மா எடுத்துக்கோங்க என்பார்கள். சும்மா வாங்க மாட்டேன். போன மாதம் திருமங்கலத்துப் பக்கம் ஒரு அம்மா பம்ப் ஸ்டவ்வைக் கொடுத்துவிட்டு, "இதைக் கொண்டுபோய் யார் சமைக்கப் போறாங்க?" என்று கேட்டார். படத்தில் வரும் என்றேன். "அப்ப நல்லா துலக்கித் தரேன் இருங்க" என்று உள்ளே திரும்பினார். துலக்க வேண்டாம் என்று அவரைச் சம்மதிக்க வைப்பதற்குள் அரை மணி நேரம் ஆகிவிட்டது.